பல்கனியில் குவிந்த ஈரக் கம்பளிகள்

மண்டபச் சாவிக்கொத்தை உங்கள் கையில் கொடுக்கும்போது, எந்தச் சாவி எந்தக் கதவுக்கு என்பதை மட்டும்தான் காட்டுவார்கள். மற்றதையெல்லாம் நீங்களாகப் பயந்து பயந்துதான் தெரிந்துகொள்ள வேண்டும். எனக்கும் அப்படித்தான். முருகனை நினைத்துக்கொண்டு வாங்கி இடுப்பில் செருகினேன். அன்றைக்குத் தொடங்கிய பயம், வேலையிலிருந்து ஓய்ந்து இத்தனை வருஷமாகியும் முழுதாகத் தீரவில்லை. இன்றைக்கும் ஒரு கல்யாணத்துக்குப் போனால் பொண்ணு மாப்பிள்ளையைப் பார்க்கும் முன்னே கூரையைப் பார்க்கிறேன், பிறகு கதவுகளைப் பார்க்கிறேன். பக்கத்தில் இருப்பவர்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும்.

தேயிலைத் தோட்டப் பள்ளிக்கூடத்தோடு நின்றுபோன படிப்பு என்னுடையது. எழுத்தில் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். புதிதாக இந்த வேலைக்கு வந்திருக்கும் தம்பிமார் நீங்கள் கேட்டதால் எழுதுகிறேன். பூட்டுவது, திறப்பது, பெருக்குவது, நாற்காலி அடுக்குவது எல்லாம் ஒரு வாரத்தில் உங்களுக்கே வந்துவிடும். அதைப் பற்றி நான் எழுதப் போவதில்லை.

எங்கள் டவுனில் நகரசபைக்குச் சொந்தமான பெரிய மண்டபம் அது ஒன்றுதான். எல்லோரும் டவுன் ஹோல் என்றுதான் சொல்வார்கள். அங்கே நடக்காதது ஒன்றுமில்லை. காலையில் பிள்ளைகளுக்கு அம்மைப்பால் குத்துவார்கள், மாலையில் பட்மின்டன் ஆடுவார்கள். ஒரு வாரம் தொழிற்சங்கக் கூட்டம், அடுத்த வாரம் தோட்டத்து வெள்ளைத் துரைமாரின் பூக்கண்காட்சி. வெசாக் வந்தால் சிங்களப் பிள்ளைகளின் பக்திப் பாட்டு. சிவனொளிபாதமலைக் காலத்தில் மலையடிவாரத்து நல்லதண்ணிக்குப் போகிற சனம் அங்கேதான் படுத்து எழும்பும். தரை ஒன்றுதான், அதன்மேல் நடப்பதுதான் நாளுக்கு நாள் மாறும்.

இப்படிப்பட்ட இடத்தில் வேலை பார்க்கிறவனுக்கு ஒரு கண்நோய் வரும். நாளைக்கு வரப் போகிறவர்களை நினைத்து நினைத்து, இன்றைக்கு எதிரில் உட்கார்ந்திருப்பவர்களைப் பார்க்காமல் விட்டுவிடுவான். அந்த நோய் எங்களுக்கு வந்த ஒரு நாளைப் பற்றித்தான் சொல்லப் போகிறேன்.

சுதந்திரம் கிடைத்துப் பத்துப் பன்னிரண்டு வருஷம் ஆகியிருக்கும். ஆடி மாதம். திம்புள்ளப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் மாரியம்மன் கோயிலைக் கல்லால் கட்டத் தொடங்கியிருந்தார்கள். அதற்கு உதவியாகத் தோட்டத்து இளவட்டங்கள் ஒரு புராண நாடகம் பழகி, ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் டவுன் ஹோலில் போட வந்தார்கள். நாடகம் அம்மனுக்காக என்பதால், பூசாரி மாரிமுத்து அண்ணன் விரதம் இருந்து, கரகம் பாலித்து, அதாவது அம்மனைச் செம்பில் இறக்கி, மேடையின் ஓரத்தில் வைத்திருந்தார். கரகம் என்றால் நம் ஆட்களுக்கு வெறும் செம்பும் வேப்பிலையும் பூவும் இல்லை. ஆத்தாவே வந்து உட்கார்ந்திருக்கிறாள் என்று அர்த்தம். அது எழுந்தால் எல்லோரும் எழ வேண்டும். அதை முந்திக்கொண்டு யாரும் போகக் கூடாது. அது வலம் வரும்போது அதைவிட உயரத்தில் ஒருவரும் இருக்கக் கூடாது.

அன்றைக்கு மழையென்றால் மழை. வட்டகொடைப் பக்கத்துச் சனம் ரயிலில் வந்து இறங்கி ஸ்டேஷனிலிருந்து நனைந்துகொண்டே வந்தது. பக்கத்துத் தோட்டங்களிலிருந்து நடந்தே வந்தவர்கள் அதைவிட அதிகம். பெண்கள் எல்லோருடைய தலையிலும் கம்பளி. கொழுந்து பறிக்க மலைக்குப் போகும்போது மழைக்கும் குளிருக்கும் போட்டுக்கொள்கிற அதே கறுப்புக் கம்பளிதான். காய்ந்த கம்பளியையே பிள்ளைகள் தூக்கத் திணறும். தண்ணீர் குடித்த கம்பளியை அடுப்புக்கல்லைத் தூக்குவது போலத்தான் தூக்க வேண்டும்.

மறுநாள் அதே மண்டபத்தில் துரைமாரின் நடனம். அதற்காக மரத்தரை முழுவதும் மெழுகு தேய்த்துப் பளபளவென்று வைத்திருந்தோம். எங்கள் நகரசபைக் காரியதரிசி ஐயா யாழ்ப்பாணத்துக்காரர். நேர்மையான மனுஷர், யாரையும் மரியாதை குறைத்துப் பேச மாட்டார். வாசலில் நின்று சனத்தைப் பார்த்தவர் என்னைக் கூப்பிட்டு, தரையில் ஈரம் படக் கூடாது, கம்பளிகளை வராந்தாவில் போடச் சொல்லும் என்றார்.

சொன்னேன். ஒரு பெண்ணும் கேட்கவில்லை. எல்லாக் கம்பளியும் ஒரே கறுப்பு. மூலையில் முடிந்திருக்கும் வர்ண நூலைப் பார்த்துத்தான் இன்னாருடையது என்று கண்டுபிடிப்பார்கள். வராந்தாவில் குவித்தால் மாறிப்போகும், மாறிப்போனால் நாளைக்குக் காலையில் பேர் கூப்பிடுகிற பெரட்டுக்கு எதைப் போர்த்திக்கொண்டு போவது? "தொரைமாரு ஆடுறதுக்கு நாங்க நனையணுமா?" என்று ஒருத்தி கேட்டாள். சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். பெண்களுக்கு இடம் மேலே பல்கனியில். அதனால், சரி, கம்பளிகளையும் மேலேயே கொண்டுபோய்ச் சுவர் ஓரமாக வைத்துக்கொள்ளுங்கள் என்று முடிவாயிற்று. அவர்களுக்கும் கண்முன்னே இருக்கும், தரையும் தப்பும். ஐயாவுக்குத் திருப்தி. எனக்கும் பெரிய சிக்கல் தீர்ந்த நிம்மதி. என் மனைவி செல்லம்மாவும் கைப்பிள்ளையைத் தூக்கிக்கொண்டு மேலேதான் போனாள்.

மண்டபத்தின் அமைப்பை இங்கே சொல்லிவிடுகிறேன். ஒரு கோடியில் மேடை. மேடைக்கு இரு பக்கமும் வெளியே போகப் பக்கக் கதவுகள். மற்றக் கோடியில் பெரிய வாசல். அந்த வாசலுக்கு மேலேதான் மரப் பல்கனி. அதற்கு ஏறி இறங்க ஒரே ஒரு படிக்கட்டு, சுவர் ஓரமாக மண்டபத்துக்குள்ளேயே இறங்கும்.

நாடகம் நடந்துகொண்டிருந்தது. ராணி வேஷம் போட்ட பையன் பிள்ளையைப் பறிகொடுத்து அழுகிற கட்டம். சனம் மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தது. பல்கனிக்குக் கீழே நின்ற ஆம்பிளைகளின் தலையில் மேலிருந்து சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழுந்தது. "மேல பொம்பளைங்க அழுவுற அழுகையில பலகையே ஒழுகுதுடா" என்று ஒருவர் சொல்ல, சுற்றி இருந்தவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார்கள். நானும் சிரித்தேன்.

சாரல் உள்ளே அடித்ததால் பெரிய வாசற்கதவின் ஒரு பக்கத்தைச் சாத்தப் போனேன். தினமும் நான் திறந்து மூடுகிற கதவு. ஒரு விரலால் தள்ளினால் போகும். அன்றைக்கு அது பாதி வழியில் நின்றுவிட்டது. கீழே ஏதாவது தடுக்கிறதா என்று பார்த்தேன். ஒன்றுமில்லை. மேலே பார்த்தேன். பல்கனியைத் தாங்குகிற உத்திரம் கதவின் தலையில் உட்கார்ந்திருந்தது. உத்திரத்தின் நுனி சுவருக்குள் போகிற இடத்தில் சுண்ணாம்பு பிளந்து, நனைந்த மரம் வெளியே தெரிந்தது. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு பிடி சுண்ணாம்பு உதிர்ந்து என் தோளில் விழுந்தது.

முருகா என்று வாய்க்குள்ளேயே சொன்னேன்.

பல்கனிக்குக் கீழிருந்து நாலடி முன்னால் வந்து நிமிர்ந்தேன். உத்திரம் இறங்கிய மூலைக்கு மேலேதான் ஈரக் கம்பளிக் குவியல். வரிசை வரிசையாகப் பெண்கள், மடியில் பிள்ளைகள். முன்வரிசையில் செல்லம்மா. பிள்ளை அவள் தோளில் தூங்கிக்கொண்டிருந்தது. அவள் நாடகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு தரம் பேர் சொல்லிக் கூப்பிட்டால் போதும், இறங்கி வந்துவிடுவாள். தம்பிமாரே, அந்த நேரம் எனக்கு அதைத் தவிர வேறு நினைப்பே இல்லை. வாயைத் திறந்தும்விட்டேன். அப்போதுதான் அவளுக்கு இரண்டு பக்கமும் இருந்த முகங்கள் தெரிந்தன. மண்டபத்தின் காவற்காரன் தன் பெண்சாதியை அலறிக் கூப்பிட்டு இறக்கினால் மற்றவர்கள் சும்மா இருப்பார்களா? ஒரே நேரத்தில் எல்லோரும் எழும்புவார்கள், எல்லோரும் அந்தப் படிக்கட்டு மூலைக்கு ஓடுவார்கள். எந்தப் பக்கம் உத்திரம் இறங்கியிருந்ததோ, படிக்கட்டும் அந்தப் பக்கம்தான்.

வாயை மூடிக்கொண்டு, கீழே மேடைக்கு எதிரில் ஐயா உட்கார்ந்திருந்த முன்வரிசைக்கு நடந்தேன். கால் ஓடு ஓடு என்றது. ஓடவில்லை. காரியதரிசி ஐயாவின் காதில் குனிந்து விஷயத்தைச் சொன்னேன். அவர் திரும்பிப் பார்க்கவில்லை. அதுவே பெரிய காரியம். அவர் திரும்பியிருந்தால் அவரைச் சுற்றி இருந்த எல்லோரும் திரும்பியிருப்பார்கள்.

"மைக்கில சொல்லலாமோ?" என்று கேட்டார்.

"வேணாங்க ஐயா. சொன்னா மிதிபட்டே செத்துருவாங்க."

அவர் மேடையைப் பார்த்தபடியே கொஞ்சம் யோசித்தார். பிறகு கேட்டார்: "உங்கட சனத்தை உமக்குத்தான் தெரியும். என்ன நடந்தால் இவையள் ஓடாமல் எழும்புவினம்?"

எத்தனையோ அதிகாரிகளின் கீழ் வேலை செய்திருக்கிறேன். ஆபத்து நேரத்தில் உத்தரவு போட்டவர்கள்தான் அதிகம். கேள்வி கேட்டவர் அவர் ஒருவர்தான். அந்தக் கேள்வி வந்த பிறகுதான் என் மூளையே வேலை செய்தது. கண் தானாகக் கரகத்தின் பக்கம் போனது.

"கரகம் எந்திரிச்சா, ஐயா."

"அப்ப போம். பக்கக் கதவுகளை நான் திறக்கிறன்."

மேடை ஓரத்தில் பூசாரி அண்ணன் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் போய் மண்டியிட்டேன். விஷயத்தைச் சொல்லி, கரகத்தை எடுத்து வலம் வரச் சொன்னேன். அவர் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்த பார்வையை மறக்க மாட்டேன். கோபம் இல்லை, பயம்.

"நாடகம் முடியாம கரகத்த எடுக்கக் கூடாதுப்பா. ஆத்தா வந்துட்டான்னு பொய்யா ஆடச் சொல்றியா? எம் பரம்பரையில அந்தப் பாவத்த யாரும் பண்ணல."

எனக்கும் அதே பயம்தான். சாமி காரியத்தில் பொய் சொல்லி உயிர் பிழைத்தால் அந்தப் பிழைப்பு நிலைக்குமா? வெள்ளிக்கிழமை தவறாமல் விளக்கேற்றுகிற வீடு என்னுடையது. ஆனால் என் தோளில் அந்தச் சுண்ணாம்பு இருந்தது. அவருடைய கையைப் பிடித்து என் தோளில் வைத்தேன். விரலில் ஒட்டியதை அவர் பார்த்தார்.

"ஆட வேணாம்ணே. பொய்யும் வேணாம். ஆத்தாவ வெளிய கொண்டு போறோம்னு மட்டும் சொல்லுங்க. அது நெசந்தானே? இங்க இருந்தா ஆத்தா கண்ணு முன்னாடிதான் அதுங்க விழும்."

அவர் ஒரு தரம் பல்கனியைப் பார்த்தார். அவருடைய மருமகளும் அங்கேதான் இருந்தாள் என்பது எனக்குப் பிறகுதான் தெரியும். எழுந்து, சூடம் கொளுத்தி, கரகத்தைத் தலையில் ஏற்றினார். பக்கத்தில் இருந்த தப்பு மேளக்காரரைப் பார்த்து, மெதுவாக அடி என்று கையால் காட்டினார்.

ராணி வேஷம் அழுகையை நிறுத்திவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டது. மண்டபமே ஒரு மூச்சில் எழுந்து நின்றது. பூசாரி அண்ணன் மேடையிலிருந்து இறங்கி, நடுவழியில் பாதித் தூரம் வந்து நின்றார். ஓங்கிய குரல் அவருக்கு. "ஆத்தா வலம் வந்து வெளிய போறா. மேல இருக்கவங்க கீழ எறங்குங்க. எறங்குற வரைக்கும் ஆத்தா இங்கதான் நிப்பா. கீழ பின்னால நிக்கிறவங்க ஆத்தா பக்கத்துல வாங்க."

பல்கனிக்குக் கீழே நின்ற ஆம்பிளைகள் கும்பிட்டபடி முன்னால் நகர்ந்தார்கள். அந்த இடம் காலியானது. மேலே, படிக்கட்டுக்குப் பக்கத்தில் இருந்தவர்கள் முதலில் இறங்கினார்கள். யாரும் தள்ளவில்லை. சாமிக்கு முன்னால் யார் தள்ளுவார்கள்? எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது.

அந்த மூச்சு நிலைக்கவில்லை. நாங்கள் மறந்துபோன ஒன்றைப் பெண்கள் மறக்கவில்லை. இறங்கப் போனவர்கள் திரும்பிக் கம்பளிக் குவியலுக்குப் போனார்கள். குனிந்து மூலை மூலையாகப் பிரித்து அவரவர் நூல் முடிச்சைத் தேடத் தொடங்கினார்கள். ஒருத்தி, மூன்று பேர், பிறகு ஒரு கூட்டமே. ஏற்கனவே பாரம் இருந்த அதே இடத்தில் அத்தனை பேரும். உத்திரம் ஒரு தரம் முனகியது. தப்புச் சத்தத்தில் மற்றவர்களுக்குக் கேட்டிருக்காது. எனக்குக் கேட்டது.

மேலே ஏறிப் போனால் என் பாரமும் சேரும். கத்தினால் எல்லாம் கெட்டுவிடும். கரகத்துக்குப் பக்கத்தில் கும்பிட்ட கையோடு நின்று செல்லம்மாவைப் பார்த்தேன். அவளும் கம்பளி எடுக்கத்தான் திரும்பியிருந்தாள். எதற்கோ என் பக்கம் பார்த்தாள். நான் தலையைக்கூட அசைக்கவில்லை. அவளையும் குவியலையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு மட்டும் நின்றேன். கண்ணில் தண்ணீர் ஓடியது அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

அவள் பிள்ளையை மறுதோளுக்கு மாற்றிக்கொண்டாள். நேரே குவியலுக்கு முன்னால் போய் நின்றாள். சந்தையில் விலை பேசுகிற குரலில் சொன்னது கீழே வரை கேட்டது.

"ஏண்டி, மலையில போர்த்துன அழுக்குக் கம்பளியோடயா கரகத்துக்கு எதுக்க போய் நிப்பீங்க? அத விட்டுட்டு எறங்குங்க. ஒண்ணும் மாறாது, நான் பாத்துக்கிறேன்."

ஒரு கிழவி முறைத்தாள். "நீ யாருடி எங் கம்பளியப் பாத்துக்க?"

"டவுன் ஹோல்காரர் பொண்டாட்டி. மாறிப்போனா எங்க வீட்டுக் கம்பளிய எடுத்துக்க. எறங்கு பாட்டி, சாமி நிக்குது."

கையில் எடுத்தவர்கள் கீழே போட்டார்கள். ஒவ்வொருத்தியாக நகர்ந்தார்கள். கிழவி முணுமுணுத்துக்கொண்டே போனாள். தப்பு மெதுவாக அடித்துக்கொண்டிருந்தது. பூசாரி அண்ணன் கழுத்து நடுங்க நடுங்கக் கரகத்தோடு நின்றார். கடைசியில் பல்கனியில் செல்லம்மாவும் பிள்ளையும் மட்டும். பாரம் இருந்த அந்தக் குவியலுக்குப் பக்கத்தில்.

அவள் படிக்கு வருகிற அந்தக் கொஞ்ச தூரத்தில் எத்தனை தெய்வத்தைக் கூப்பிட்டேன் என்று எனக்கே தெரியாது. கடைசிப் படியில் கால் வைத்ததும் பூசாரி அண்ணனிடம் கண்ணைக் காட்டினேன். கரகம் திரும்பிப் பக்கக் கதவு வழியாக வெளியே போனது. மழையில் அத்தனை சனமும் பின்னால் போனது. கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற காரியதரிசி ஐயா தலையில் சால்வையைக்கூடப் போட்டுக்கொள்ளவில்லை.

சனம் எதிர்க் கடைகளின் தாழ்வாரத்தில் ஒதுங்கிக்கொண்டிருக்கும்போதுதான் உள்ளே அந்தச் சத்தம் கேட்டது. இடி என்றுதான் பலர் நினைத்தார்கள். நானும் ஐயாவும் பக்கக் கதவில் நின்று பார்த்தோம். பல்கனியின் ஒரு பக்கம் சுவரை விட்டுக் கழன்று சரிந்திருந்தது. கம்பளிகள் எல்லாம் அதன் வழியாக வழுக்கி வந்து, மெழுகு போட்ட தரையின்மேல் விழுந்து கிடந்தன. எந்தத் தரையில் ஒரு சொட்டு ஈரமும் படக் கூடாது என்று அத்தனை பாடுபட்டோமோ, அந்தத் தரையில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

ஐயா அதைப் பார்த்தபடி, "நாளைக்கு ஆடுற ஆக்களைப் பற்றி யோசிச்சம். இண்டைக்கு வந்த ஆக்களைப் பற்றி யோசிக்கேல்லை" என்றார். பிறகு, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, சரியாத பக்கமாக என்னோடு சேர்ந்து நீளக் கம்பால் கம்பளிகளை ஒவ்வொன்றாக இழுத்தார். அன்றிரவு சனம் வீடு திரும்பும் வரை நகரசபைக் கந்தோரில் அலுவலக மேசை நாற்காலிமேலெல்லாம் கம்பளி காய்ந்தது. ஒன்றும் மாறவில்லை. அந்தக் கிழவி தன் முடிச்சை மூன்று தரம் பார்த்துவிட்டுத்தான் போனாள்.

பூசாரி அண்ணனை அடுத்த வெள்ளிக்கிழமை கோயிலில் பார்த்தபோது, ஆத்தாவை நம் தேவைக்குத் தூக்கிவிட்டோமோ என்று கேட்டேன். என் மனசு ஆறவில்லை. அவர் விபூதியை நெற்றியில் பூசிவிட்டு, "புள்ளைங்கள வெளிய கூட்டிக்கிட்டுப் போறதுக்கு எந்திரிக்காம வேற எதுக்குப்பா அவ எந்திரிப்பா?" என்றார். அந்தப் பதிலைப் பிடித்துக்கொண்டுதான் இவ்வளவு காலமும் தூங்குகிறேன்.

உங்களுக்கு நான் சொல்வது இதுதான். சனத்தை எழுப்ப வேண்டிய நேரம் ஒன்று எப்படியும் வரும். அவர்கள் எதற்கு மரியாதையாக எழும்புவார்கள் என்பதை முன்கூட்டியே தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். எதை விட்டுவிட்டு வரமாட்டார்கள் என்பதையும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். முதலாவதை நான் யோசித்தேன். இரண்டாவதை யோசித்தது செல்லம்மா.

அன்றிரவு வீட்டுக்கு வந்ததும் செல்லம்மா பிள்ளையைக் கிடத்தி, அடுப்பை மூட்டி, தேத்தண்ணி ஊற்றினாள். கோப்பையை என் முன்னால் வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"என்னைய மட்டும் கூப்பிடணும்னு நெனச்சீங்களா?"

சாமி படத்துக்கு முன்னால் உட்கார்ந்திருந்தேன். "நெனச்சேன்" என்றேன்.

அவள் தூங்குகிற பிள்ளையைப் பார்த்தாள். "கூப்பிட்டிருந்தா ஓடி வந்திருப்பேன்" என்றாள். பிறகு எழுந்து, இன்னும் ஈரமாக இருந்த தன் கம்பளியைக் காய்வதற்காகக் கொடியில் பிரித்துப் போட்டாள்.